மாட்டு வயித்துக்குள்ள யார் சமைக்கிறாங்க?

நாம ஒரு பிடி வைக்கோலை மென்னு முழுங்கினா என்ன ஆகும்? வயித்துவலிதான் மிச்சம். அதே வைக்கோலைத் தின்னுட்டு மாடு பால் கொடுக்குது, கன்னு போடுது, ஏர் இழுக்குது. மாட்டுக்கு அப்படி ஒரு வயிறுன்னு சொல்லிட்டு நாம போயிடறோம். ஆனா விஷயம் என்னன்னா, வைக்கோலைச் செரிக்கிற சக்தி மாட்டுக்கும் கிடையாது. வைக்கோல், புல், சோளத்தட்டு எல்லாத்துலயும் இருக்கிற நார்ப்பொருளுக்கு செல்லுலோஸ்னு பேரு. அதை உடைக்கிற நொதி மாடு, ஆடு, குதிரை, யானை, முயல் எதோட உடம்புலயும் சுரக்கிறதில்லை. அப்ப யார் செரிக்கிறாங்க? இந்தக் கேள்விக்கு விடை தெரிய மனுசனுக்கு ரெண்டாயிரம் வருசத்துக்கு மேல ஆச்சு. அந்தக் கதையைத்தான் இன்னிக்கு எழுதறேன். நகரத்துல இருக்கிற நீங்க இதைத் தெரிஞ்சுக்கறதுக்கு ஒரு காரணமும் இருக்கு, அதைக் கடைசியில சொல்றேன்.

மாட்டுக்கு வயிறு நாலு அறைங்கிறது பழைய சேதி. கி.மு. நாலாம் நூற்றாண்டுல கிரேக்கத்துல வாழ்ந்த அரிஸ்டாட்டில், விலங்குகளைப் பத்தி எழுதின நூல்கள்ல இதைத் தெளிவாவே எழுதி வச்சிருக்கார். கொம்பு இருக்கிற, மேல்தாடையில முன்பல் இல்லாத மிருகங்களுக்கு நாலு வயிறு இருக்குன்னு கவனிச்சிருக்கார். வாயில சரியா அரைபடாததை இந்த வயிறுகள் ஒண்ணுக்கப்புறம் ஒண்ணா அரைச்சு முடிக்குதுன்னு காரணமும் சொன்னார். மாட்டோட வாயைத் திறந்து பாத்தவங்களுக்குத் தெரியும், மேல முன்பல் இருக்கிற இடத்துல தடிச்ச ஈறு மட்டும்தான் இருக்கும். பைபிளோட பழைய ஏற்பாட்டுலயும் அசைபோடற மிருகம், அசைபோடாத மிருகம்னு பிரிச்சு, எதை உண்ணலாம்னு சட்டம் போட்டிருக்காங்க. நம்ம தமிழ்லயும் பாருங்க, பழைய நினைப்புகளைத் திரும்ப எடுத்துப் பாக்கறதை 'அசை போடறது'ன்னுதான் சொல்றோம். மாடு வளர்க்கிற ஜனங்க எங்க இருந்தாலும் இந்த அசையைக் கவனிக்காம இருந்ததில்லை.

நாலு அறையையும் கொஞ்சம் பாத்துடலாம். முதல் அறைதான் பெருசு. வளர்ந்த மாட்டுக்கு நூறு லிட்டருக்கு மேல பிடிக்கும். இடது பக்கம் விலாவுக்குப் பின்னால குழியா இருக்குமே, அங்க உள்ளங்கையை வச்சு அழுத்தினா நிமிசத்துக்கு ஒண்ணு ரெண்டு தடவை அது புரள்றது தெரியும். கால்நடை டாக்டர் வந்தா முதல்ல அங்கதான் கை வைப்பார். ரெண்டாவது அறை உள்பக்கம் தேன்கூடு மாதிரி கட்டம் கட்டமா இருக்கும். மூணாவது, புத்தகத்தோட பக்கங்கள் மாதிரி மடிப்பு மடிப்பா இருக்கும். நாலாவதுதான் நம்ம வயிறு மாதிரி அமிலம் சுரக்கிற நிஜமான இரைப்பை.

மாடு மேயும்போது சரியா மெல்லாம முழுங்கி முதல் அறையை ரொப்பிக்கும். அப்புறம் நிழல்ல படுத்துக்கிட்டு, கவளம் கவளமா வாய்க்குத் திரும்பக் கொண்டு வந்து மெல்லும். ஒரு நாளைக்கு ஏழெட்டு மணி நேரம் இந்த வேலை நடக்கும். அப்ப ஊற்ற எச்சில் மட்டும் நாளைக்கு நூறு லிட்டருக்கு மேல. அந்த எச்சில்ல சோடா உப்பு மாதிரியான பொருள் இருக்கு. அது எதுக்குன்னு பின்னால வரும்.

அரிஸ்டாட்டில் காலத்துக்கு அப்புறமும் ரொம்ப நாளைக்கு எல்லாரும் நம்பினது ஒண்ணுதான்: வயிறு ஒரு ஆட்டுக்கல், திரும்பத் திரும்ப அரைச்சா புல் கூழாகி ரத்தமாகுதுன்னு.

1843-ல பாரிஸ் பக்கத்துல அல்ஃபோர் கால்நடை மருத்துவப் பள்ளியில பேராசிரியரா இருந்த டெலாஃபோனும், ஹங்கேரியில பிறந்து பாரிஸ்ல வைத்தியம் பார்த்த டேவிட் கிரூபியும் சேர்ந்து, ஆடு மாட்டு வயித்துல இருக்கிற தண்ணியை நுண்ணோக்கியில வச்சுப் பாத்தாங்க. ஒரு சொட்டுல ஆயிரக்கணக்கான உயிர்கள் நீந்திக்கிட்டு இருந்துச்சு. உடம்பு பூரா மயிர் மாதிரி இழை உள்ள நுண்ணுயிர்கள். வயித்துக்குள்ள ஒரு குளமே இருக்குன்னு அப்பதான் தெரிஞ்சது. ஆனா அதெல்லாம் அங்க என்ன பண்ணுதுங்கிறது உடனே விளங்கல. புல்லோட உள்ள போன பூச்சிகளா, நோயா, இல்ல வேலைக்காரங்களா?

1880-கள்ல ஜெர்மனியில தாப்பைனர்னு ஒருத்தர் அதுக்கு ஒரு எளிமையான வழி கண்டுபிடிச்சார். மாட்டு வயித்துத் தண்ணியில நார்ப்பொருளைப் போட்டு வச்சா அது கரையுது, வாயு வருது. அதே தண்ணியில கிருமிகொல்லி கலந்தா கரையறது நின்னு போகுது. அப்ப நாரைக் கரைக்கிறது மாடு இல்லை, உள்ள இருக்கிற கிருமிகள்தான். இட்லி மாவு பொங்குறதுக்கு நாம காரணமில்லையே, கிருமிதானே காரணம்? அதே மாதிரிதான். மாட்டோட முதல் அறை ஆட்டுக்கல் இல்லை, மாவுப் பானை.

சரி, கிருமி நாரைத் தின்னுடுச்சு, மாட்டுக்கு என்ன கிடைச்சது? இதுக்குப் பதில் ரெண்டாம் உலகப்போர் நடந்துக்கிட்டு இருந்தப்ப இங்கிலாந்துல கேம்பிரிட்ஜ்ல கிடைச்சது. ஜோசப் பார்கிராஃப்ட், மெக்கனாலி, பிலிப்சன் மூணு பேரும் செம்மறியாட்டோட முதல் வயித்துல இருந்து திரும்பற ரத்தத்தை எடுத்துச் சோதிச்சு 1944-ல எழுதினாங்க. கிருமிகள் நாரைத் தின்னுட்டுக் கழிக்கிற அமிலங்களை, வயித்துச் சுவர் உறிஞ்சி ரத்தத்துல சேர்க்குது. அதுல முக்கியமானது அசிட்டிக் அமிலம், அதாவது நம்ம வினிகர்ல இருக்கிற புளிப்பு. மாட்டுக்கு வேண்டிய சக்தியில பெரும்பகுதி இந்த அமிலங்கள்ல இருந்துதான் வருது. கிருமியோட கழிவு மாட்டுக்குச் சோறு.

இதை நாங்க தினம் சொசைட்டியில பாக்கறோம். பால் ஊத்தும்போது ஃபேட் எவ்வளவு, எஸ்.என்.எஃப். எவ்வளவுன்னு பாத்துத்தான் விலை போடுவாங்க. மாட்டுக்கு தட்டு, வைக்கோல் குறைஞ்சு, தீவனம் மட்டும் கூடிப்போச்சுன்னா பால் கூடினாலும் ஃபேட் இறங்கிடும். ஏன்னா பால் கொழுப்பு உருவாக அந்த அசிட்டிக் அமிலம் வேணும், அது நார்ல இருந்துதான் நிறைய வரும்.

அதே 1940-கள்ல அமெரிக்காவுல ராபர்ட் ஹங்கேட்னு ஒருத்தர் இந்தக் கிருமிகளைத் தனித்தனியாப் பிடிச்சு வளர்க்கிற வேலையில இருந்தார். இவர் முதல்ல ஆராய்ச்சி பண்ணினது கரையானை. மரத்தைத் தின்கிற கரையான் வயித்துலயும் இதே கதைதான், உள்ள இருக்கிற நுண்ணுயிர்கள்தான் மரத்தைச் செரிக்குது. கரையான்ல இருந்து மாட்டுக்கு வந்தார். மாட்டு வயித்துல காத்து கிடையாது, ஆக்சிஜன் பட்டா அந்தக் கிருமி செத்துடும். அதனால ஆக்சிஜன் படாம கண்ணாடிக் குழாய்க்குள்ள வளர்க்கிற முறையை அவர் உருவாக்கினார். அதுக்கப்புறம்தான் யார் யார் உள்ள குடியிருக்காங்கன்னு கணக்கெடுக்க முடிஞ்சது. ஒரு மில்லி வயித்துத் தண்ணியில ஆயிரம் கோடி அளவுக்கு பாக்டீரியா இருக்கும். 1975-ல இங்கிலாந்துல காலின் ஆர்ப்பின், நீந்துற சின்ன உயிர்னு எல்லாரும் நினைச்சுக்கிட்டிருந்த ஒண்ணு உண்மையில பூஞ்சைன்னு கண்டுபிடிச்சார். ஆக்சிஜனே இல்லாம வாழற பூஞ்சை இருக்க முடியும்னு அதுவரைக்கும் யாரும் நினைக்கல.

எல்லா இலைதின்னிக்கும் இந்தப் பானை ஒரே இடத்துல இல்லை. குதிரைக்கும் யானைக்கும் வயிறு ஒண்ணுதான், கிருமிகள் இருக்கிறது அதைத் தாண்டிப் பின்னால பெருங்குடல்ல. அதனாலதான் யானைச் சாணத்தை உடைச்சுப் பாத்தா நார் நாரா, அரைகுறையா இருக்கும். மாட்டுச் சாணி வழுவழுன்னு இருக்கும். முயலுக்கும் பானை பின்னாலதான், ஆனா அது ஒரு தந்திரம் பண்ணும். மெதுவான புழுக்கை ஒண்ணு போட்டு அதைத் திரும்பத் தின்னுடும். கிருமி சேர்த்து வச்ச சத்தை அப்படித்தான் எடுத்துக்குது. மாட்டுக்கு அந்தச் சிரமம் இல்லை. அதோட பானை முன்னால இருக்கிறதால, கிருமிகள் புல்லோட சேர்ந்து நாலாவது அறைக்குப் போய் அங்க அமிலத்துல செரிமானம் ஆயிடும். மாடு தன்னோட வேலைக்காரங்களையே சாப்பிடுதுங்க. சைவப் பிராணின்னு நாம கும்பிடற மாட்டுக்குப் புரதம் பெரும்பாலும் அந்தக் கிருமிகளோட உடம்புல இருந்துதான் வருது.

இது எவ்வளவு தூரம் போகும்னு ஃபின்லாந்துல ஒருத்தர் சோதிச்சுப் பாத்தார். அர்ட்டுரி விர்ட்டானென், பசுந்தீவனத்தைக் கெடாம சேமிக்கிற முறைக்காக 1945-ல வேதியியல் நோபல் பரிசு வாங்கினவர். கறவை மாட்டுக்குப் புல்லோ புண்ணாக்கோ போடாம, சுத்தமான மாவுச்சத்து, செல்லுலோஸ், சர்க்கரை, இதோட யூரியாவும் அம்மோனியா உப்பும் மட்டும் கொடுத்தார். அதாவது புரதமே இல்லாத தீவனம். கிருமிகள் பழகறதுக்குத் தகுந்த மாதிரி மெல்ல மெல்ல மாத்தினார். அந்த மாடுகள் உயிரோட இருந்தது மட்டுமில்லை, கன்னு போட்டுச்சு, வருசத்துக்கு 4,000 கிலோ அளவுக்குக்கூடப் பால் கொடுத்துச்சு. 1966-ல இதை வெளியிட்டார். யூரியாவுல இருக்கிற நைட்ரஜனைக் கிருமிகள் எடுத்துப் புரதமாக்குது, அந்தக் கிருமிய மாடு தின்னு பாலாக்குது.

இன்னிக்கு நாலு கிலோ யூரியாவைத் தண்ணியில கரைச்சு நூறு கிலோ வைக்கோல்ல தெளிச்சு, காத்துப் போகாம மூடி, மூணு வாரம் வச்சிருந்து மாட்டுக்குப் போடற முறை இருக்கு.  ஆனா ஒண்ணு, யூரியா மூட்டையை மாடு நேரா நக்கிடுச்சுன்னா கதை முடிஞ்சது. கிருமிகள் தாங்கற வேகத்துக்கு மேல அம்மோனியா கிளம்பி, ரத்தத்துல ஏறிக் கொன்னுடும். டாக்டர் சொல்ற அளவு தாண்டக்கூடாது.

எனக்கு ரொம்பப் பிடிச்ச கதை ஆட்டுக் கதை. சவுண்டல் மரம் பாத்திருப்பீங்க, சூபாபுல்னும் சொல்வாங்க. வேலியோரம் தானா முளைச்சு வரும், ஆடு விரும்பித் தின்னும். இதோட சொந்த ஊர் மெக்சிகோ பக்கம். அங்க ஓஹாகான்னு ஒரு ஊருக்கே இந்த மரத்தை வச்சுத்தான் பேர் வந்தது. ஸ்பெயின்காரங்க கப்பல்ல பிலிப்பைன்ஸுக்குப் போய், அங்கிருந்து வெப்ப நாடுகள் பூரா பரவிடுச்சு. இந்த இலையில புரதம் நிறைய. கூடவே மிமோசின்னு ஒரு விஷமும் இருக்கு. குதிரை தின்னா பிடரி மயிரும் வால் மயிரும் கொட்டும்.

ஆஸ்திரேலியாவோட குயின்ஸ்லாந்துல மாட்டுக்குத் தீவனமா இதை நட்டாங்க. மாடுகளுக்கு மயிர் கொட்டுச்சு, எச்சில் ஒழுகிச்சு, தீனி எடுக்கல, கழுத்துல கழலை வீங்குச்சு. ஆராய்ஞ்சு பாத்தா, வயித்துக் கிருமிகள் மிமோசினை உடைக்குது, ஆனா உடைச்சதுல வர்ற பொருள் தைராய்டைக் கெடுக்குது. பாதி வேலை செஞ்சுட்டு நிறுத்திடற மாதிரி.

டவுன்ஸ்வில்லுல சி.எஸ்.ஐ.ஆர்.ஓ. அரசு ஆராய்ச்சி நிலையத்துல இருந்த ரேமண்ட் ஜோன்ஸ் ஒரு விஷயத்தைக் கவனிச்சார். ஹவாய்லயும் இந்தோனேசியாவுலயும் ஆடுகள் இதே இலையைத் தின்னுட்டு நல்லாத்தான் இருக்கு. மரம் அதேதான், ஆடும் அதேதான். அப்ப வித்தியாசம் வயித்துக்குள்ள குடியிருக்கிறவங்கதான்னு யோசிச்சார். 1980-களோட தொடக்கத்துல, முதல்ல இந்தோனேசிய ஆட்டோட வயித்துத் தண்ணியையும், அப்புறம் ஹவாய் ஆட்டுல இருந்து எடுத்த கிருமிகளையும் ஆஸ்திரேலிய மிருகங்களோட வயித்துல சேர்த்துப் பாத்தார். விஷம் உடைஞ்சு போச்சு. கழலைக்குக் காரணமான பொருள் சிறுநீர்ல வர்றதும் நின்னுது. இந்த வெற்றியை 1986-ல அவரும் மெகாரிட்டியும் எழுதினாங்க. அந்தக் கிருமியை அமெரிக்காவுல மில்டன் அலிசனும் கூட்டாளிகளும் ஆராய்ஞ்சு 1992-ல பேர் வச்சாங்க: சினர்ஜிஸ்டிஸ் ஜோன்சியை. ஜோன்ஸோட பேராலயே. அதுக்கப்புறம் குயின்ஸ்லாந்து விவசாயிகள் அந்தக் கிருமித் தண்ணியை வாங்கி, மந்தையில சில மாடுகளுக்கு மட்டும் வாய்வழியா ஊத்தறாங்க. ஒண்ணா மேய்ஞ்சு ஒரே தொட்டியில தண்ணி குடிக்கிற மத்த மாடுகளுக்கு அது தானா பரவிடும்.

கிருமியை மாத்தி வைக்கிறது புது யோசனையும் இல்லை. அசை நின்னு போன மாட்டுக்கு, நல்லா இருக்கிற மாட்டோட வாயில இருந்து அசைக்கவளத்தை எடுத்து ஊட்டற வழக்கம் ஸ்வீடன்ல 18-ஆம் நூற்றாண்டுலயே இருந்திருக்கு. காரணம் தெரியாமலே குடியானவங்க செஞ்ச வைத்தியம். பிறந்த கன்னுக்குட்டிக்கு முதல் அறை சின்னதா, வேலை செய்யாம இருக்கும். குடிக்கிற பால் ஒரு மடிப்பு வழியா நேரா நாலாவது அறைக்குப் போயிடும். தாய் நக்கறதுல, பக்கத்துல கிடக்கிற வைக்கோலைக் கடிக்கிறதுல, கட்டுத்தரை மண்ணுல இருந்துதான் கன்னுக்குக் கிருமிகள் வந்து சேருது.

இப்ப நான் சொல்றேன்னு சொன்ன காரணத்துக்கு வரேன். கோயிலுக்குப் போறப்ப, நல்ல நாள்ல, பசுவுக்கு ஏதாவது கொடுத்தா புண்ணியம்னு ஒரு பாத்திரம் நிறைய சர்க்கரைப் பொங்கலோ சாதமோ வைக்கிறோம். கல்யாண மண்டபத்துல மிஞ்சின சோத்தைக் கூடை கூடையாக் கொட்டி, மாடு திங்கட்டும்னு சொல்றோம். நல்ல மனசோட செய்யறதுதான். ஆனா உள்ள என்ன நடக்குது தெரியுமா? சோறு நார் மாதிரி இல்லை, அரை நாள்ல புளிச்சுடும். அதைத் தின்கிற கிருமி மட்டும் கிடுகிடுன்னு பெருகி லாக்டிக் அமிலத்தைக் கொட்டும். நாரைத் தின்கிற கிருமிகளும் நீந்துற நுண்ணுயிர்களும் அந்தப் புளிப்புல சாகும். எச்சில்ல வர்ற சோடா உப்பு இந்த மாதிரி புளிப்பை முறிக்கத்தான் இருக்கு, ஆனா சோத்தை மாடு அசை போடாது, எச்சிலும் ஊறாது. வயிறு அசையாம நின்னுடும், உடம்புத் தண்ணியெல்லாம் வயித்துக்குள்ள இறங்கும், மாடு தள்ளாடிப் படுக்கும். நேரத்துக்கு டாக்டர் வரலைன்னா ஒண்ணு ரெண்டு நாள்ல செத்துப்போகும். தை மாசத்துலயும் முகூர்த்த நாள்லயும் எங்க பக்கம் டாக்டருக்கு வர்ற போன்ல இது வழக்கமான சங்கதி. செத்த மாட்டை வச்சுக்கிட்டு உக்காந்திருக்கிற வீட்டுல பெரும்பாலும் அந்த ஒரு மாட்டுப் பாலுதான் வருமானம்.

இன்னொண்ணு பிளாஸ்டிக் பை. மிஞ்சினதைப் பையில கட்டிக் குப்பையில போட்டா, மாடு முடிச்சை அவுக்காது, பையோட முழுங்கும். அதை எந்தக் கிருமியும் உடைக்காது. அசைக்கும் வராது, அடுத்த அறைக்குப் போற வாசலும் சின்னது. அங்கயே தங்கிடும். 2019 அக்டோபர்ல சென்னை வேப்பேரி கால்நடை மருத்துவக் கல்லூரியில ஒரு பசுவோட வயித்துல இருந்து 52 கிலோ பிளாஸ்டிக் எடுத்தாங்க. ஒரு ஆளோட எடை அது. அந்த மாட்டுக்கு வயிறு ரொம்பியிருக்கு, பசியும் தீர்ந்திருக்காது.

அதனால பசுவுக்குக் கொடுக்கணும்னா ஒரு கட்டு அகத்திக்கீரை, பசும்புல், சோளத்தட்டு கொடுங்க. வாழைப்பழம் ஒண்ணு ரெண்டு போதும். சோறு, பொங்கல், மாவு, ரொட்டி கொடுத்தே ஆகணும்னா ஒரு உருண்டையோட நிறுத்திக்கோங்க, ஏன்னா உங்களுக்கு முன்னால பத்து பேர் அதே மாட்டுக்குக் கொடுத்திருப்பாங்க. குப்பையைக் கட்டிப் போடறதா இருந்தா காய்கறித் தோலைத் தனியா, பை இல்லாம வைங்க. மாடு வளர்க்கிறவங்களும் தீவனம் மாத்தும்போது ஒரே நாள்ல மாத்தாம பத்து பதினஞ்சு நாள் கொஞ்சம் கொஞ்சமா மாத்தணும். சவுண்டல் இலை போட்டா மொத்தத் தீனியில மூணுல ஒரு பங்குக்குள்ள வச்சுக்கணும்.

அடுத்த பதிவுல கன்னுக்குட்டிக்கு எப்ப வைக்கோல் பழக்கணும்னு எழுதறேன்.